ஜட்ஜ் லாரபியின் வலது காது

தலையில் துணி கட்டிக்கொண்டு தூங்குகிற ஆம்பிளையை நான் நம்புவதில்லை. ஜட்ஜ் கிடியன் லாரபி எங்கள் சத்திரத்தில் முதல் தடவை தங்கினபோதே அதைக் கவனித்துவிட்டேன். கறுப்புப் பட்டுத் துணி. நெற்றியைச் சுற்றி இரண்டு காதையும் மூடி, பிடரியில் முடிச்சு. அதற்குமேல் தொப்பி. கேட்டால் காதுவலி என்பார். மூன்று வருஷமாக விடாத காதுவலியை நான் இல்லினாய் முழுக்கக் கேள்விப்பட்டதில்லை.

எங்கள் ஊரில் கோர்ட்டுக்கென்று தனிக் கட்டடம் கிடையாது. வருஷத்துக்கு இரண்டு தடவை ஜட்ஜும் வக்கீல்களும் குதிரையேறி மாவட்டம் மாவட்டமாகச் சுற்றி வருவார்கள். வந்தால் என் சத்திரத்து முன்கூடம்தான் கோர்ட், சாப்பாட்டு மேஜைதான் ஜட்ஜின் மேஜை. என் வீட்டுக்காரர் காய்ச்சலில் போன பிறகு இதை நான் ஒருத்தியாகத்தான் நடத்துகிறேன். மாடியில் ஆறு கட்டில், கட்டிலுக்கு இரண்டு ஆள். பகலெல்லாம் ஒருத்தரை ஒருத்தர் திட்டிக்கொண்ட வக்கீல்கள் ஒரே போர்வைக்குள் கிடந்து குறட்டை விடுவார்கள். முந்தைய ஜட்ஜுக்கும் பாதிக் கட்டில்தான். இந்த லாரபி மட்டும் சமையலறைக்குப் பின்னாலிருக்கிற மாவு மூட்டை அறையைக் கேட்டு வாங்கிக்கொண்டு உள்ளே தாழ் போட்டுக்கொள்வார். முகம் கழுவினாலும் சுவரைப் பார்த்துத்தான் கழுவுவார். உட்கார்ந்தால் வலது பக்கம் சுவரோரமாக இருக்கவேண்டும்.

ஊருக்கு அவர்மேல் உயிர். வேறு மாவட்டங்களில் பன்னிரண்டு வருஷம் வக்கீலாக இருந்தார், இரண்டு தடவை மாநிலச் சட்டசபைக்குப் போனார், ஆற்றுத் துறைக்கு ரோடு வாங்கித் தந்தார், பிறகு ஜட்ஜ் ஆனார். அந்த ஆயிரத்தெண்ணூற்று முப்பத்தொன்றாம் வருஷம் ஆகஸ்டில் வாஷிங்டனில் காங்கிரசுக்குப் போகிற இடத்துக்கும் நிற்பதாக இருந்தார். ஜெயிப்பது நிச்சயம் என்று எல்லாரும் பேசிக்கொண்டார்கள். ஆனால் எந்த ஊரில் பிறந்தார் என்று கேட்டுப்பாருங்கள், ஒருத்தருக்கும் தெரியாது. தெற்கே எங்கேயோ என்பார்கள். கரோலினாவிலிருந்து யாராவது வந்து பேச்சுக் கொடுத்தால் மனிதர் குதிரைக்குத் தண்ணீர் காட்டப் போய்விடுவார்.

எனக்கு அப்போதே தெரியும், விஷயம் காதில்தான் இருக்கிறது என்று. எங்கள் பக்கத்தில் ஒருத்தனுக்குக் காது இல்லையென்றால் காரணம் இரண்டே இரண்டு. ஒன்று, குடித்துவிட்டுப் போட்ட சண்டையில் எவனோ கடித்துத் துப்பியிருப்பான். அது தினசரி நடக்கிறது. இன்னொன்று, பழைய மாநிலங்களில் கோர்ட்டில் பொய் சத்தியம் பண்ணினவனுக்குக் கொடுக்கிற தண்டனை: காதைக் கம்பத்தோடு ஆணி அடித்து, ஒரு மணி நேரம் நிற்கவைத்து, அப்புறம் அறுத்துவிடுவார்கள். அதனால் சண்டையில் காதை விட்ட யோக்கியன் ரத்தம் காயுமுன் கோர்ட் எழுத்தரிடம் ஓடுவான். 'இன்னாருடைய காது கடிபட்டது, சட்டப்படி அறுபட்டது அல்ல' என்று முத்திரையோடு காகிதம் வாங்கி வைத்துக்கொள்வான். என் சித்தப்பா அந்தக் காகிதத்தை வேதப் புத்தகத்துக்குள் வைத்திருந்தார். வீட்டுக்கு வருகிற ஒவ்வொருத்தருக்கும், அவர்கள் கேட்காமலே, எடுத்துக் காட்டுவார்.

"அந்த ஆளை நம்பாத" என்று என் தம்பி ஆன்சலிடம் நூறு தடவை சொல்லியிருப்பேன்.

"உனக்கு யாரைத்தான்க்கா பிடிக்கும்? போன வாரம் பாதிரியாரச் சந்தேகப்பட்ட" என்பான்.

"பாதிரியார் விஷயம் வேற. இந்த ஆளு எதையோ மறைக்கிறான். எழுதி வச்சுக்கோ."

அப்படிச் சொல்லிக்கொண்டிருந்தபோது அந்த ஆளின் மேஜைக்கு முன்னால் ஆன்சலே நிற்கவேண்டி வரும் என்று எனக்குத் தெரியாது.

எங்கள் பன்றிகள் காட்டில் மேய்கிறவை. வேலி பயிருக்குத்தான் போடுவோம். யாருடைய பன்றி என்பதைக் காதைப் பார்த்துத்தான் சொல்லவேண்டும். வீட்டுக்கு ஒரு அடையாள வெட்டு, அது எழுத்தரின் புத்தகத்தில் பதிவாகியிருக்கும். ஆன்சலுடையது இடது காதில் அரைவட்டமாக ஒரு கொத்து. மில் வைத்திருக்கிற ஓபேத் கிரெய்லுடையது வலது காது நுனியில் நீளமாக ஒரு கீறல். அந்த வசந்தத்தில் ஆன்சலின் வெள்ளைப் பெண்பன்றி ஒன்று வலது காதில் பாதி இல்லாமல் காட்டிலிருந்து வந்தது. யாரோ ஒருத்தருடைய நாய் கடித்துவிட்டது என்றான். ஆறிவிட்டது, அவனும் மறந்துவிட்டான். ஜூன் மாதம் கிரெய்ல் அதைப் பார்த்துவிட்டு, அது தன் பன்றி என்றான். தன் கீறலை மறைக்க ஆன்சல் வலது காதை வெட்டி எறிந்துவிட்டு, இடது காதில் தன் கொத்தைப் போட்டுக்கொண்டான் என்று சத்தியம் பண்ணி வழக்கும் போட்டுவிட்டான்.

அடையாளத்தை அழித்த குற்றத்துக்கு முப்பத்தொன்பது கசையடி. முதுகைத் திறந்து, ஊர் பார்க்க. அடிகூட ஆறிவிடும். அதற்கப்புறம் அவன் வாய்க்கு மரியாதை கிடையாது. சாட்சி சொல்ல முடியாது, ஜூரியில் உட்கார முடியாது, ஓட்டுப் போட முடியாது. அவனுக்கு இருபத்தாறு வயது. நான் தூக்கி வளர்த்த பிள்ளை.

அந்தத் தடவை கோர்ட் நடத்த வந்த லாரபி, வழக்குக்கு முந்தின நாள் மத்தியானம் எங்கே சாப்பிடப் போனார் தெரியுமா? கிரெய்ல் வீட்டுக்கு. நான் கோழி அடித்து வைத்திருந்தேன். "மன்னிக்கணும்மா, கூப்பிட்டுட்டாங்க" என்று சொல்லிவிட்டுப் போனார். கிரெய்லின் வக்கீல் ஹூவிட்டும் கூடவே போனான். அந்த ஹூவிட்தான் ஆகஸ்டில் லாரபிக்கு எதிராக நிற்கிறவன். எதிரும் புதிரும் ஒரே மேஜையில் உட்கார்ந்து எதைப் பேசியிருக்கும்?

ஜட்ஜின் துணிகள் துவைக்கக் கிடந்தன. கூடவே தூசி தட்டக் கிடந்த கையில்லாத மேல்சட்டையை உதறினபோது உள்பக்கத் துணிக்கு அடியில் ஏதோ மொடமொடவென்றது. தையலைப் பிரித்தேன். பிரித்தது தப்புதான், யார் இல்லையென்றார்கள். உள்ளே நாலாக மடித்த காகிதம், சிவப்பு முத்திரை. எழுத்துக்கூட்டிப் படித்தேன். 'கிடியன் லாரபி என்பவரின் வலது காது, படைப் பயிற்சி மைதானத்தில் நடந்த கைகலப்பில் மைக்கா ஸ்ட்ரௌட் என்பவரால் கடிபட்டது; சட்டத்தால் அறுபட்டது அல்ல.'

சப்பென்று ஆகிவிட்டது. மூன்று வருஷச் சந்தேகம் போயிற்றா என்று ஒரு நிமிஷம் நின்றேன். அப்புறம்தான் யோசித்தேன். இப்படி ஒரு காகிதத்தைக் கையில் வைத்திருக்கிறவன் எதற்காக அதைச் சட்டைக்குள் வைத்துத் தைக்கவேண்டும்? என் சித்தப்பா காட்டாத ஆள் உண்டா?

"தையல் விட்டுப்போச்சா, அம்மா?"

வாசலில் அவர். சாப்பிட்டுத் திரும்பிவிட்டார். கையில் காகிதத்தோடு அப்படியே நின்றேன்.

"ஆமா, ஐயா. தச்சுக் குடுக்கலாம்னு எடுத்தேன்."

"படிச்சீங்களா?"

"படிச்சேன்."

"அப்ப சரி. உள்ள வச்சுத் தச்சிடுங்க." கோபப்படவில்லை. கோபப்பட்டிருந்தால் எனக்குக் கொஞ்சம் நிம்மதியாக இருந்திருக்கும்.

என் வாய் சும்மா இருக்குமா? "ஐயா, ஒண்ணு சொல்லிடறேன். நாளைக்கு என் தம்பி முதுகுல ஒரு அடி விழுந்தாலும், இந்த முத்திரை எந்த ஊரோ அந்த ஊருக்கே கடுதாசி போட்டுக் கேப்பேன். மைக்கா ஸ்ட்ரௌட்னு ஒருத்தன் இருந்தானான்னு."

அவர் தொப்பியைக் கழற்றினார். துணி மட்டும் அப்படியே இருந்தது. "கேளுங்க. ஆனா அங்க போய்ப் பதில் வர மூணு மாசம் ஆகும். வழக்கு நாளைக்கு. தேர்தலும் அதுக்குள்ள முடிஞ்சிடும்."

"அப்ப மிரட்டினா நடக்காதுன்றீங்க."

"கணக்கச் சொன்னேன், அம்மா. வேற ஒண்ணுமில்ல." மாவு அறைக்குள் போய்த் தாழ் போட்டுக்கொண்டார்.

மறுநாள் காலையில் கூடம் நிறைந்துவிட்டது. பன்னிரண்டு ஜூரிகளில் ஆறு பேர் கிரெய்லின் மில்லில் சோளம் அரைக்கிறவர்கள். மேஜைக்கு முன்னால் ஆன்சல் நின்றான். கிரெய்ல் சத்தியம் பண்ணினான். ஆன்சல் தன் கதையைச் சொன்னான். கடித்த நாயைப் பார்த்தவர்கள் யாருமில்லை. அப்புறம் ஹூவிட் எழுந்தான். அவனுக்குக் குரல் நன்றாக இருக்கும், அதை மறுக்க முடியாது.

"அய்யாமாரே, காயம் ஆறிப்போச்சு. ஆறின காயத்துக்கு வாய் கிடையாது. பல்லு கடிச்சுதா, கத்தி வெட்டுச்சான்னு இப்ப எவனாலயும் சொல்ல முடியாது. அப்ப நாம எதப் பாக்கணும்? ஆளப் பாக்கணும். கிரெய்லுக்கு நூத்தம்பது பன்னி. ஒரு பன்னிக்காக அவரு பொய் சத்தியம் பண்ணுவாரா? இந்தப் பக்கம் ஆன்சல். பன்னி மொத்தம் எத்தன? ஒம்பது."

ஜூரியில் தலைகள் ஆடின. பெரியவர் ப்ரூயிட்கூட ஆட்டினார். அவர் எங்கள் பக்கத்து நிலத்துக்காரர், ஆன்சலைப் பிறந்ததிலிருந்து பார்த்தவர். முடிந்தது கதை என்று நினைத்தேன்.

இனி ஜட்ஜ் ஜூரிக்குச் சட்டத்தை எடுத்துச் சொல்லவேண்டும். லாரபி ஹூவிட்டையே பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். வலது பக்கம் சுவர், வழக்கம்போல. கிரெய்ல் வீட்டுச் சாப்பாடு வேலை செய்கிறது என்று நினைத்துக்கொண்டேன்.

"பன்னி எங்க?" என்றார்.

"கொல்லையில கட்டியிருக்கு, ஐயா" என்றான் காவல்காரன்.

"உள்ள கொண்டுவா."

"கோர்ட்ட அசிங்கம் பண்ணிடும்ங்க, ஐயா."

"இந்தக் கூடம் அதவிட அசிங்கத்தப் பாத்திருக்கு. கொண்டுவா." கூட்டம் சிரித்தது. ஹூவிட்கூடச் சிரித்தான்.

பன்றியை இழுத்துவந்தார்கள். அது கத்தின கத்தில் ஜன்னல் அதிர்ந்தது. "அம்மா, கொஞ்சம் சோளம் போடுங்க" என்றார் என்னைப் பார்த்து. அவர் நாற்காலிக்குப் பக்கத்தில் கொட்டினேன். அது தலையைக் குனிந்து தின்ன ஆரம்பித்ததும் கூடம் அமைதியாயிற்று.

"வக்கீலய்யா சொன்னதுல ஒரு தப்பு இருக்கு" என்றார் லாரபி. "ஆறின காயத்தப் பாத்துச் சொல்ல முடியும்."

சொல்லிக்கொண்டே கையைப் பின்னால் கொண்டுபோய் முடிச்சை அவிழ்த்தார். துணி மடியில் விழுந்தது. நாற்காலியைத் திருப்பிப் போட்டு, வலது பக்கம் ஜூரியைப் பார்க்க உட்கார்ந்தார்.

காதில் மேல்பாதி இல்லை. மிச்சமிருந்த ஓரம், சோள ரொட்டியைக் கத்தி வைத்து வெட்டினதுபோல நேராக இருந்தது. பக்கத்தில் பன்றியின் காது, எலி கடித்த துணிபோலக் கோணலும் மாணலுமாக, நடுவில் இரண்டு குழியோடு.

"இது கத்தி. அது பல்லு. வந்து பாருங்க. தொட்டும் பாக்கலாம்."

யாரும் அசையவில்லை. கடைசியில் ப்ரூயிட்தான் எழுந்து வந்தார். பன்றியின் காதை இரண்டு விரலால் தடவிப் பார்த்தார். பிறகு, நம்பமாட்டீர்கள், ஜட்ஜின் காதையும் தடவினார்.

"நெசந்தான். நேராத்தான் இருக்கு" என்றார். அப்புறம் குரலைத் தாழ்த்தி, "ஏன் ஐயா, சண்டையில எவனாச்சும் கத்தியால இழுத்துட்டானா?" என்று கேட்டார்.

பாவம், பெரியவர் அவருக்கு ஒரு வழி திறந்துவிட்டார். ஆமாம் என்று ஒரு வார்த்தை போதும். வாஷிங்டனுக்குப் போய்விடலாம். லாரபி அவரைப் பார்த்தார். பிறகு நான் தைத்துக் கொடுத்த சட்டையின் உள்பக்கம் கைவிட்டுத் தையலைப் பிய்த்துக் காகிதத்தை எடுத்து மேஜைமேல் போட்டார்.

"இல்ல. இருபது வயசுல, கரோலினாவுல, ஒரு பன்னி வழக்குல பொய் சத்தியம் பண்ணினேன். நான் வேலைக்கு இருந்த வீட்டுக்காரருக்காக. என் பேச்ச நம்பி ஒருத்தன அடிச்சாங்க. பொய்யின்னு தெரிஞ்சதும் என்னக் கம்பத்துல நிறுத்தினாங்க. இந்தக் காகிதம் ஒரு எழுத்தர் எனக்குப் பாவம் பாத்து எழுதிக் குடுத்தது. இதுவும் பொய்தான்."

ஹூவிட் எழுந்து நின்றான். சந்தோஷத்தை மறைக்கக்கூடத் தெரியவில்லை அவனுக்கு. "அப்ப இவரு இந்த நாற்காலியில உக்காரவே தகுதியில்ல. இவரு சொல்ற தீர்ப்பு செல்லாது."

"தீர்ப்ப நான் சொல்லல, ஹூவிட். ஜூரி சொல்லும். அப்புறம் நான் எந்திரிச்சிடறேன்."

"எதுக்குய்யா இதச் சொன்னீங்க?" என்றார் ப்ரூயிட். அவருக்கு அழுகையே வந்துவிட்டது.

"ஜூரி முன்னாடி ஒரு தடவ பொய் சொல்லிப் பாத்துட்டேன்" என்றார் லாரபி. "போய் உக்காருங்க."

ஜூரி மாடிக்குப் போய் ஒரு வாய்ப் புகையிலை மெல்லுகிற நேரத்தில் இறங்கி வந்தது. குற்றவாளி இல்லை. நான் ஆன்சலைக் கட்டிக்கொண்டு அழுதேன். திரும்பிப் பார்த்தபோது ஜட்ஜின் நாற்காலி காலியாக இருந்தது. பன்றி மட்டும் சோளத்தைத் தின்றுகொண்டிருந்தது.

அன்றே பதவி விலகல் கடிதம் எழுதிவிட்டார் என்று கேள்வி. ஆனால் ஆகஸ்ட் தேர்தலிலிருந்து பெயரை எடுக்கவில்லை. ஊர் வாய் சும்மா இருக்குமா? "எல்லாம் நாடகம்டீ, கெசையா. அழுது ஓட்டு வாங்கப் பாக்கறான்" என்று என்னிடமே சொன்னாள் கிரெய்லின் மனைவி. "எப்படியும் ஹூவிட் தோண்டி எடுத்திருப்பான், முந்திக்கிட்டான்" என்றான் கொல்லன். நானும் ராத்திரியும் பகலும் அதையேதான் யோசித்தேன். என் மிரட்டலுக்குப் பயந்தாரா? அதுவும் இல்லை, மூன்று மாதக் கணக்கை எனக்கே சொன்னவர் அவர். எந்தப் பக்கம் புரட்டிப் பார்த்தாலும் அவருக்கு அதில் ஒரு செம்புக்காசு லாபம் தெரியவில்லை. அது எனக்குப் பெரிய எரிச்சலாக இருந்தது. ஒரு மனிதனைச் சந்தேகப்பட வழியில்லாமல் போவது எனக்குப் பழக்கமில்லை.

தேர்தலும் என் கூடத்தில்தான். எழுத்தர் நடுவில், வேட்பாளர்கள் இரண்டு பக்கமும். எங்கள் பக்கம் ஓட்டு என்றால் வாயால் சொல்வதுதான். ஆள் வந்து நிற்பான், எழுத்தர் யாருக்கு என்று கேட்பார், அவன் எல்லாருக்கும் கேட்கச் சொல்லவேண்டும். ஓட்டு வாங்கினவர் எழுந்து நன்றி சொல்லவேண்டும். எனக்கு ஓட்டுக் கிடையாது, பொம்பிளை. நான் மோர்க் குடத்தோடு சுற்றிவந்தேன்.

லாரபி தலையில் துணி இல்லாமல் வந்திருந்தார். முடியை ஒட்ட வெட்டியிருந்தார். காது எல்லாருக்கும் தெரிந்தது. ஒவ்வொருத்தரும் முதலில் அதைப் பார்த்தார்கள், பிறகு ஹூவிட் பெயரைச் சொன்னார்கள். ஹூவிட் எழுந்து எழுந்து அவனுக்கு முழங்காலே வலித்திருக்கும். ப்ரூயிட் வந்து, தரையைப் பார்த்துக்கொண்டு, "ஹூவிட்" என்றார். நான் அவர் குவளையில் மோர் ஊற்றவில்லை.

மத்தியானம்வரை லாரபி நாலே தடவைதான் எழுந்தார். போகட்டும், ஒரு ஓட்டு எனக்கு நிச்சயமாகத் தெரியும் என்று நினைத்துக்கொண்டிருந்தேன்.

ஆன்சல் வந்தான். நான் துவைத்துக் கொடுத்த சட்டை. நேராக நின்றான்.

"ஆன்சல் பீச்சம். யாருக்கு?" என்றார் எழுத்தர்.

"வக்கீல் ஹூவிட்" என்றான் என் தம்பி. நல்ல சத்தமாக.

ஹூவிட் ஒரு நொடி திகைத்துப் போய்விட்டு எழுந்தான். ஜூனில் அதே கூடத்தில் இவன் முதுகை உரிக்கப் பார்த்தவன், இப்போது குனிந்து நன்றி சொன்னான்.

குடத்தைப் பிடித்தபடியே ஆன்சலுக்குப் பின்னால் கொல்லைக்கு ஓடினேன்.

"ஏன்டா, உனக்கு மனசாட்சி இருக்கா? அந்த ஆளு இல்லேன்னா இன்னிக்கு அந்த மேஜை முன்னாடி உன்ன நிக்கவே விட்டிருக்க மாட்டாங்க. உன் வாயக் காப்பாத்திக் குடுத்தது அவரு. அந்த வாயாலயா ஹூவிட்டுங்கற?"

அவனுக்கு வெட்கம் இல்லை. அதுதான் என்னைக் கொன்றது. குழப்பமாகத்தான் பார்த்தான், நான் எதற்குக் கத்துகிறேன் என்று உண்மையிலேயே புரியாதவன்போல.

"நீதானக்கா சொன்ன" என்றான். "மூணு வருஷமாச் சொன்ன. அந்த ஆள நம்பாத, எதையோ மறைக்கிறான்னு. நான்தான் கேக்கல. இப்ப பாரு, நீ சொன்னதுதான சரியாப் போச்சு?"

அவன் வேலியைத் தாண்டிப் பன்றிகளைப் பார்க்கப் போய்விட்டான்.

உள்ளே போனேன். வரிசை இன்னும் முடியவில்லை. லாரபி தன் காலிக் குவளையை மேஜையின் ஓரத்துக்குத் தள்ளி, "இன்னும் கொஞ்சம் மோர் இருக்கா, அம்மா?" என்றார்.

ஊற்றினேன். பாதி மேஜைமேல் சிந்திவிட்டது. அவர் தன் பையிலிருந்து அந்தக் கறுப்புப் பட்டுத் துணியை எடுத்துத் துடைத்தார்.